இரண்டு மணிகள்

திருப்பலியில் எழுந்தேற்ற வேளையில் மணி அடிக்க வேண்டிய பீடச் சிறுவன் தூங்கி வழிகிறான். குருவானவர் அவனைக் கடிந்துகொள்கிறார். பின்னர் அதே குருவானவர், ஆளற்ற திரையரங்கில் கையில் சிறுமணியோடு தனியே அமர்ந்து படம் பார்க்கிறார். முத்தக்காட்சி வரும்போதெல்லாம் மணி ஒலிக்கிறது. படம் ஓட்டுபவர் வெட்ட வேண்டிய இடத்தை நினைவில் வைக்க, சுருளுக்குள் தாள்துண்டு ஒன்றைச் செருகுகிறார். ஜுசெப்பே தொர்னத்தோரே 1988-இல் உருவாக்கிய 'சினிமா பாரதிசோ'வின் காட்சிகள் இவை. அச்சிறுவனையும் படம் ஓட்டுபவரையும் உலகம் மறக்கவில்லை. அருட்தந்தை அதெல்ஃபியோவாக நடித்தவரின் பெயரை அறிந்தோர் சிலரே. அவர் லெயோபோல்தோ திரியெஸ்தே.

1917 மே 3-ஆம் நாள் தென் இத்தாலியின் ரெஜ்ஜோ கலாப்ரியாவில் பிறந்த அவர், நாடக ஆசிரியராகவே எழுத்துலகில் அடியெடுத்து வைத்தார். 1952-இல் 'வெள்ளை ஷேக்' படத்தின் வழியாக அவரை நடிகராக்கியவர் பெல்லினி. தேனிலவுக்காக உரோமை வந்து, திருத்தந்தையின் பொதுச் சந்திப்பு உட்பட எல்லாவற்றுக்கும் நேரம் குறித்து வைத்திருந்தும், மனைவியைத் தொலைத்துவிட்டுத் தவிக்கும் மாப்பிள்ளை வேடம் அது. மறு ஆண்டு 'வித்தெல்லோனி'யில் நாடகாசிரியராகத் துடிக்கும் சிற்றூர் இளைஞனாக வந்தார்; அப்பாத்திரத்தின் பெயரும் லெயோபோல்தோவே. பின்னர் இரண்டு படங்களைத் தாமே இயக்கினார். எனினும் காலம் அவருக்கென ஒதுக்கியது துணைப் பாத்திரங்களின் ஓரத்தையே.

அவ்வோரத்தில் அவர் அரை நூற்றாண்டு உழைத்தார். பியெத்ரோ ஜெர்மியின் 'செதோத்தா எ அப்பந்தொனாத்தா'வில் (1964), ஒரு குடும்பத்தின் மானம் காக்க மாப்பிள்ளையாக அழைத்து வரப்படும் நொடித்துப்போன பிரபு. 'காட்பாதர்' இரண்டாம் பாகத்தில் (1974), கைம்பெண்ணை வெளியேற்றத் துணிந்து, பின் அச்சத்தால் தாமே வாடகையைக் குறைத்துக்கொள்ளும் வீட்டுக்காரர். 'ரோஜாவின் பெயர்' படத்தில் (1986), கிறிஸ்துவின் ஏழ்மைக்காக வாதாடிய பிரான்சிஸ்கு சபைத் தலைவர் செசேனா மிக்கேல். ஜெர்மியின் படத்திற்கும், 1995-இல் தொர்னத்தோரே எடுத்த மற்றொரு படத்திற்கும் சிறந்த துணை நடிகருக்கான 'வெள்ளி நாடா' விருது அவரைத் தேடி வந்தது.

இவர்களுள் பலர் அஞ்சுவோர், அவமானத்திற்குக் கூசுவோர், பிறர்முன் தடுமாறுவோர். திரியெஸ்தே அவர்களைக் கண்டு நம்மைச் சிரிக்க வைத்தார். ஆனால் ஒருவரையும் இழிவுபடுத்தவில்லை. அருட்தந்தை அதெல்ஃபியோவைக் கொடியவராகக் காட்டுவது எளிதாக இருந்திருக்கும். அவரோ, தம் மந்தைமீது உண்மையான கவலை கொண்டு, அக்கவலையை மணியாக அடிக்கத் தெரிந்த ஒரு மனிதரைக் காட்டினார்.

அதனால்தான் சிரித்த நாம், சிரித்து முடித்ததும் வெட்கினோம். போருக்குப் பிந்திய இத்தாலியில் ஆயிரக்கணக்கான பங்குத் திரையரங்குகள் இருந்தன. 1936-இல் திருத்தந்தை பதினொன்றாம் பத்திநாதர் திரைப்படங்களைப் பற்றி விடுத்த சுற்றுமடல் பெரிதும் விழிப்பையே வலியுறுத்தியது. 1963-இல் சமூகத் தொடர்புச் சாதனங்கள் பற்றிய சங்க ஏடு, சுவைப்போரின் மனச்சான்றைப் பயிற்றுவிக்கும் கடமையையும் நினைவூட்டியது. தேவைப்படும் இடத்தில் எச்சரிப்பது மேய்ப்பனின் பணி. அதை நாம் மறுக்கவில்லை. ஆனால் பீடத்தின் மணி, "நிமிர்ந்து பார்" என்கிறது. அரங்கின் மணியோ, "பார்க்காதே" என்கிறது. நம் மறையுரைகளிலும் அறிவுரைகளிலும் எந்த மணி மிகுதியாக ஒலித்தது? படத்தின் முடிவில், வெட்டியெறிந்த முத்தங்களெல்லாம் ஒரே சுருளாக ஒட்டப்பட்டு, வளர்ந்துவிட்ட அச்சிறுவனிடம் சேர்கின்றன. குருவானவர் குப்பை எனக் கருதியது அவனுக்கு அன்பின் உயிலாகிறது. அதைக் கண்டு அவன் கண்ணீர் விடுகிறான்.

திரியெஸ்தே 2003 சனவரி 25-ஆம் நாள், தமது 85-ஆம் வயதில் மறைந்தார். புனித பவுலின் மனமாற்றத்தைத் திருச்சபை கொண்டாடும் நாள் அது. கண்டிப்பே பக்தி என்றிருந்த ஒருவர், கண் இழந்து, பின் கண் பெற்ற நாள். சிறு வேடமொன்றில் நம் முகத்தை நமக்குக் காட்டிச் சென்ற அந்நடிகருக்கு, குருக்களாகிய நாம் கடன்பட்டுள்ளோம்.