மெழுகில் எழுந்த ஊர்

ஈஞ்சம்பாக்கத்துச் சோழமண்டல ஓவியர் கிராமத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் கடற்காற்றிலிருந்துதான் தொடங்குவார்கள். பாட்டிக் துணி போட்டுப் பிழைக்கிறவன் நான். எனக்கு அந்த ஊரின் கதை மெழுகுச் சட்டியில்தான் தொடங்குகிறது.

கிராமம் தொடங்கியபோது கே.சி.எஸ். பணிக்கர் எழும்பூர் ஓவியப் பள்ளியின் முதல்வர். அங்கே படித்துத் தேறிய பிள்ளைகளின் படங்களைக் காசு கொடுத்து வாங்க அன்றைய மெட்ராஸில் ஆள் குறைவு. வயிற்றுக்காக ஏதாவது வேலையில் உட்கார்ந்துவிட்டால் வரைவது நின்றுபோகும். கைவினைப் பொருள் செய்து விற்போம், மற்ற நேரம் நம் படத்தை நாம் வரைவோம் என்பது அவர் கண்ட வழி. அதற்கென ஒரு சங்கம் அமைத்தார்கள். 1966இல் நகருக்குத் தெற்கே, கடலோரத்தில் சுமார் 10 ஏக்கர் வாங்கினார்கள்.

வெறும் மணல், சவுக்கு. மின்சாரம் கிடையாது. எஸ்.ஜி. வாசுதேவ், எம். சேனாதிபதி, கே.வி. ஹரிதாசன், பி. கோபிநாத் போன்ற இளைஞர்கள் பள்ளியின் கூடங்களை விட்டுக் கூரைக் குடிசைக்கு வந்தார்கள். விற்பதற்குச் செய்த கைவினைகளில் அவர்களை அங்கே நிலைக்க வைத்தது பாட்டிக்.

பாட்டிக்கில், சாயம் ஏறக் கூடாத இடத்தை உருக்கிய மெழுகால் மூடவேண்டும். பிறகு துணியை ஆறின சாயத்தில்தான் முக்கலாம். சூடாக இருந்தால் மெழுகு இளகிவிடும். முதலில் வெளிர் நிறம், காய்ந்ததும் மறுபடி மெழுகு, அடுத்து அடர் நிறம். துணியைக் கசக்கினால் மெழுகு விரியும். அந்த விரிசலில் சாயம் இறங்கி மயிரிழை போல் நரம்புகள் ஓடும். கடைசியில் கொதிநீரில் போட்டு மெழுகை எடுக்கவேண்டும்.

சட்டியிலிருந்து எடுத்த தூரிகை ஆறுவதற்குள் கோட்டை முடித்தாக வேண்டும். தயங்கினால் மெழுகு உறைந்துவிடும். மெட்ராஸ் ஓவியர்கள் கோட்டுக்குப் பேர்போனவர்கள். அந்தக் கோட்டின் துணிவில் மெழுகுக்கும் பங்குண்டு என்று நான் உறுதியாக நம்புகிறேன். கைவினை வயிற்றுப்பாட்டுக்கு, ஓவியம் கலைக்கு என்று பிரித்துப் பேசுவதை என்னால் ஏற்க முடியாது.

பணிக்கர் 1977இல் காலமானார். கிராமம் நிலைத்தது. 2009இல் இந்த ஓவியர்களின் மெட்ராஸ் கலை இயக்கத்துக்கென அங்கேயே அருங்காட்சியகமும் திறந்தார்கள். போகிறவர்கள் படங்களைத் தள்ளி நின்று பார்ப்பதோடு திரும்பிவிடாதீர்கள். கிட்டப் போய்க் கோடுகளைப் பாருங்கள்.