பாம்பனில் பிரிந்த பாதை

பாம்பன் ஒருகாலத்தில் ஜங்ஷன். பாலத்தைக் கடந்து வந்த மீட்டர்கேஜ் பாதை அங்கே இரண்டாகப் பிரிந்தது. ஒன்று ராமநாதசுவாமியைக் கும்பிடப் போகிறவர்களை ராமேஸ்வரத்தில் இறக்கியது. மற்றொன்று ராமேஸ்வரம் தீவின் வால் போல நீண்டு கிடக்கும் மணல்திட்டைப் பிடித்துக்கொண்டு தனுஷ்கோடிக்குப் போனது. இரண்டாவது பாதை இன்று இல்லை. அது முடிந்த இடத்தில் ஸ்டேஷனின் இடிந்த சுவர்கள் மட்டும் நிற்கின்றன.

அந்தப் பாதையைப் போட வைத்தது இலங்கை. அதற்கு முன் போட் மெயில் என்ற ரயில் சென்னையிலிருந்து தூத்துக்குடிக்குப் போகும். அங்கிருந்து கொழும்புக்கு நீண்ட கடல் பயணம். 1914-இல் பாம்பன் பாலம் திறந்ததும் போட் மெயில் தனுஷ்கோடிக்குத் திசை மாறியது. தண்டவாளத்தை மணல்திட்டுகளின் மேலாக இலங்கையின் தலைமன்னார் வரை கொண்டுபோகும் யோசனையும் இருந்தது. கடைசியில் கப்பலே போதும் என்று விட்டுவிட்டார்கள். ரயில் கப்பல்துறை வரை வரும். வைஸ்ராய்களின் பெயர் தாங்கிய கர்சன், ஹார்டிஞ்ச் போன்ற நீராவிக் கப்பல்கள் காத்திருக்கும். சுமார் 35 கிலோமீட்டர் கடலைத் தாண்டினால் தலைமன்னாரில் கொழும்பு ரயில். எழும்பூரில் எடுத்த ஒரே டிக்கெட்டில் கொழும்பு கோட்டை வரை போகலாம்.

இந்த டிக்கெட்டைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் முதல் வகுப்புப் பெட்டியோடு நிறுத்திக்கொள்கிறார்கள். எனக்கு மூன்றாம் வகுப்பு முக்கியம். திருச்சி, சேலம், புதுக்கோட்டை, ராமநாதபுரம் கிராமங்களிலிருந்து ஆள் சேர்க்கும் கங்காணிகள் திரட்டிய குடும்பங்கள் இலங்கையின் தேயிலைத் தோட்டங்களுக்கு இந்த வழியாகத்தான் போயின. அவர்களுடைய பாட்டன்மார் தோணியில் மன்னார் போய், காட்டுவழியே மாத்தளைக்கு நடந்தவர்கள். வழியிலேயே செத்தவர்கள் ஏராளம். ரயிலில் போனவர்களுக்கு அந்த நடை இல்லை. மண்டபம் முகாமில் சில நாள் தங்கவைத்து, நோய் இல்லை என்று உறுதி செய்தபின் கப்பலேற்றினார்கள். கண்டிச்சீமை என்று அவர்கள் சொன்ன இலங்கை மலைநாட்டுக்குப் புறப்பட்ட எத்தனையோ பேர் தாய்நாட்டில் கடைசியாகக் கால்வைத்த மண் தனுஷ்கோடியின் மணல்.

ஸ்டேஷனைச் சுற்றி ஊர் வளர்ந்தது. சுங்க அலுவலகம், தபால் நிலையம், பள்ளிக்கூடம், மாதா கோவில், மீனவர் குடியிருப்பு என எல்லாம் அந்த மணலில் எழுந்தன.

1964 அக்டோபர் 30-இல் இலங்கை, இந்தியப் பிரதமர்களுக்கிடையே சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தானது. அந்தத் தோட்டக் குடும்பங்களின் வழிவந்த மலையகத் தமிழரில் 5,25,000 பேரை இந்தியா ஏற்கும், 3 லட்சம் பேரை இலங்கை ஏற்கும் என்று, அவர்களைக் கேட்காமலே கணக்கு முடிந்தது. இரண்டு மாதம்கூட ஆகவில்லை. டிசம்பர் 22 இரவு புயல் கரையேறியது. பாம்பனிலிருந்து கிளம்பிய பாசஞ்சர் ரயில் தனுஷ்கோடியை நெருங்கும்போது கடல் எழுந்து அதை விழுங்கியது. ரயிலில் இருந்த நூற்றுக்கும் மேற்பட்டோரில் ஒருவரும் பிழைக்கவில்லை. விடிந்தபோது ஊரும் இல்லை.

பாம்பன் பாலமும் அதே இரவில் உடைந்தது. ஆனால் ஸ்ரீதரன் என்ற இளம் பொறியாளரின் பொறுப்பில் 46 நாட்களில் அதில் மீண்டும் ரயில் ஓடியது. கோயிலுக்குப் போகும் பாதை பிழைத்தது. கப்பலுக்குப் போகும் பாதையைத் திரும்பப் போடவில்லை. தனுஷ்கோடி வாழத் தகுதியற்ற இடம் என்று அரசு அறிவித்தது. பாம்பன் ஜங்ஷனாக இருப்பதும் அத்தோடு முடிந்தது.

ஒப்பந்தப்படி திரும்பி வந்தவர்கள் ராமேஸ்வரத்தில் இறங்கினார்கள். அவர்களுக்கும் முதல் தங்கல் மண்டபம் முகாம்தான். முன்னோரை அனுப்பிவைத்த ஸ்டேஷன் பேரப்பிள்ளைகளை வரவேற்க இல்லை. 1984-இல் அவர்களைக் கொண்டுவந்த கப்பலும் நின்றது.

இப்போது தீவின் கடைக்கோடியான அரிச்சல்முனை வரை நல்ல சாலை இருக்கிறது. மீனவக் குடும்பங்கள் ஓலைக் குடிசைகளில் வாழ்கின்றன; மணலைத் தோண்டினால் இன்றும் நல்ல தண்ணீர் ஊறுகிறது. 2019-இல் புதிய ரயில் பாதைக்கு அடிக்கல் நாட்டினார்கள், ரயில் வரவில்லை. வருகிறவர்கள் இடிந்த சுவரருகே நின்று புயலின் கதையைக் கேட்கிறார்கள். கேட்கட்டும், அங்கே மாண்டவர்களுக்கு நாம் பட்ட கடன் அது. கூடவே இன்னொன்றையும் யாராவது சொல்ல வேண்டும்: புயல் அடித்தது ஓர் இரவு, அந்த ஸ்டேஷன் மனிதர்களைக் கரை சேர்த்தது ஐம்பது வருஷம்.