“ரூம் போடுதல்” – ஒரு சின்ன வரலாறு

கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் கிடைக்கும்போது ஆறுதலாக வாசியுங்கள்.

போன வாரம் மஃரிப் தொழுதுவிட்டு வெளியே வரும்போது ஒரு வாப்பா எங்களைப் பிடித்துக்கொண்டார். “சேர், எங்கட மகன் ராவு ராவா ரூம் போடுறானாம். தங்கச்சிக்காரி சொல்றா. எந்த ஊர்ல, எந்த லொட்ஜ்ல எண்டு ஒருக்கா விசாரிச்சுப் பாருங்களேன்” என்றார். முகம் வாடிப்போயிருந்தது. சிரிப்பை அடக்கிக்கொண்டு விளக்கினோம். மகன் போடும் ரூமுக்குச் சுவரும் இல்லை, வாடகையும் இல்லை. ஃப்ரீ ஃபயர் விளையாட்டில், வெளி ஆட்கள் வராமல் கூட்டாளிமார் மட்டும் சேர்ந்து ஆடுவதற்குத் திறக்கும் தனி ஆட்டத்துக்குத்தான் பிள்ளைகள் ரூம் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். திறக்கிறவனுக்கு ஒரு இலக்கம் கிடைக்கும், கடவுச்சொல்லை அவனே வைப்பான். இரண்டையும் வட்ஸ்அப்பில் அனுப்புவான். அது கிடைத்தவன் மட்டும் உள்ளே வரலாம். அவ்வளவுதான்.

வீட்டுக்கு வந்த பிறகும் அந்தக் கேள்வி விடவில்லை. இந்த “ரூம்” எங்கிருந்து வந்தது? வரலாறு படிப்பிக்கிறவர்களுக்கு எதையும் அப்படியே விட்டுவிடத் தெரியாது. தேடிப் பார்த்தோம். தேடிய இடத்தில் எங்களுடைய ஒரு பிழையும் கிடைத்தது. அதையும் கடைசியில் சொல்கிறோம்.

முதலில் ஒரு கம்பி

1973ஆம் ஆண்டு, அமெரிக்காவின் கலிஃபோர்னியாவில் நாசாவின் ஏம்ஸ் ஆய்வு நிலையம். ஸ்டீவ் கோலி, ஹவார்ட் பால்மர், கிரெக் தொம்சன் என்ற மூன்று இளைஞர்கள் அங்கே பயிற்சிக்கு வந்தவர்கள். இம்லாக் என்ற கணினியில் ஒரு புதிர்ப்பாதையை வரைந்தார்கள். அதற்குள் தனியாகச் சுற்றிச் சுற்றி அலுத்துப்போனது. இரண்டு கணினிகளை ஒரு கம்பியால் இணைத்தார்கள். ஒருவன் பாதையில் மற்றவன் எதிர்ப்பட்டான். “மேஸ் வார்” பிறந்தது.

1978இல் இங்கிலாந்தின் எசெக்ஸ் பல்கலைக்கழகத்தில் ரோய் ட்ரப்ஷோ என்ற மாணவர் “மட்” என்ற விளையாட்டை எழுதத் தொடங்கினார். ரிச்சர்ட் பார்ட்டில் அதை வளர்த்தெடுத்தார். படம் கிடையாது, எல்லாம் எழுத்துத்தான். பலர் ஒரே நேரத்தில் ஒரு கற்பனை உலகத்துக்குள் நடமாடலாம். வெளியே இருந்தவர்கள் தொலைபேசி வழியாகச் சேரவும் பல்கலைக்கழகம் இடம் கொடுத்தது. ஆனால் நள்ளிரவுக்குப் பிறகு. பகலில் கணினிக்கு வேறு வேலை இருந்தது.

இதை வாசித்தபோது எங்கள் வகுப்பறையின் முதல் பாடவேளை ஞாபகம் வந்தது. நமது நாட்டின் சில டேட்டா பெக்கேஜ்களில் பகலுக்கு ஒரு கணக்கு, நள்ளிரவு தாண்டினால் வேறொரு கணக்கு. பகல் டேட்டாவை வீட்டில் எல்லோரும் முடித்துவிடுவார்கள். நைட் டேட்டாவில் கைவைக்க ஆளில்லை. பன்னிரண்டு மணிக்குப் பிறகு ரூம் ஏன் திறக்கிறது, காலையில் கடைசி வாங்கில் இருப்பவன் ஏன் கொட்டாவி விடுகிறான் என்பதற்குப் பாதி விடை அங்கேதான் இருக்கிறது.

1993 டிசம்பர் 10ஆம் திகதி “டூம்” வெளிவந்தது. ஒரே வலையமைப்பில் உள்ள நான்கு கணினிகள் வரை சேர்ந்து ஆடலாம். எத்தனை பேர் என்று முதலே சொல்ல வேண்டும். நான்கு என்று சொல்லிவிட்டால் நான்காவது ஆள் வந்து சேரும்வரை ஆட்டம் தொடங்காது. கரம் போட்டைச் சுற்றி மூன்று பேர் பவுடர் பூசி வைத்துவிட்டு நான்காவது கையைத் தேடி அடுத்த கடைக்கு ஆள் அனுப்புவார்களே, அதே கதை.

டூமின் முதல் பதிப்பு, அனுப்பும் ஒவ்வொரு செய்தியையும் வலையமைப்பில் உள்ள எல்லாக் கணினிக்கும் இறைத்துவிடும். வேலைகள் ஸ்தம்பித்தன. கார்னகி மெலன் பல்கலைக்கழகம், இன்டெல் கம்பனி போன்ற இடங்களில் அதற்குத் தடை வந்தது. கூட்டாளிமார் சேர்ந்து விளையாடத் தொடங்கிய கையோடு பெரியவர்களின் தடையும் கூடவே வந்திருக்கிறது. நாங்கள் ஒன்றும் புதிதாகச் செய்யவில்லை.

நமது பக்கம்

இலங்கையில் வணிக ரீதியான இணையச் சேவை 1995இல் வந்தது. மலையகத்துக்கு அது ஆறுதலாகத்தான் ஏறி வந்தது. கொழும்பிலிருந்து பஸ் கித்துல்கலை தாண்டி கினிகத்தேனைக் கணவாய் ஏறுகிற மாதிரி. வீட்டில் தொலைபேசி இருப்பதே பெரிய விடயமாக இருந்த காலம். எங்களுக்கு இணையம் அறிமுகமானது கொமியூனிகேஷன் கடைகளில். போட்டோ பிரதி எடுக்கும் மெஷின், ஐடிடி பேசும் கண்ணாடிக் கூண்டு, மூலையில் நான்கைந்து கணினிகள்.

அந்தக் கணினிகளில் “கவுண்டர் ஸ்ட்ரைக்” வந்தது. “ஹாஃப் லைஃப்” என்ற விளையாட்டை வைத்து மின் லீ, ஜெஸ் கிளிஃப் என்ற இருவர் 1999இல் உருவாக்கியது அது. 2000இல் கடைக்கு வந்தது. அதற்கு இணையம் கட்டாயம் இல்லை. கடைக்குள் உள்ள கணினிகளைக் கம்பியால் இணைத்தால் போதும். கடைக்காரத் தம்பி ஒரு கணினியில் சேர்வரைத் திறப்பார். மற்றவர்கள் அதில் சேர்வார்கள். எதிரி யாரென்றால் பக்கத்துக் கதிரையில் இருப்பவன்தான். சுட்டதும் திரும்பி முகத்தைப் பார்க்கலாம். இன்று ஊரில் குடும்பஸ்தர்களாக இருக்கும் பலர் அங்கே மணித்தியாலக் காசு கொடுத்தவர்கள். பெயர் சொல்ல மாட்டோம், அவர்களுடைய பிள்ளைகள் இதை வாசிக்கக்கூடும்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். இப்படிக் கம்பியில் ஆடியதெல்லாம் தனி ஆட்டம்தான். தெரிந்தவனோடு ஆடுவதற்காகத்தான் கம்பியே இழுத்தார்கள். 1996இல் “க்வேக்” வந்து இணையம் வழியாக ஆடத் தொடங்கியபோதும், எந்த சேர்வருக்குப் போவது என்பதை ஆடுகிறவனே தேர்ந்தெடுத்தான். பெரிய மாற்றம் 2004 நவம்பரில் “ஹேலோ 2”வோடு பரவியது. பட்டனை அழுத்தினால் போதும், உன் திறமைக்கு ஏற்ற எதிரியைக் கம்பனியின் கணினியே தேடித் தரும் என்றார்கள். வசதிதான். ஆனால் அதன் பிறகு முன்பின் தெரியாதவனோடு ஆடுவது வழமையானது. கூட்டாளியோடு மட்டும் ஆடுவது, மெனுவில் தேடிப்பிடிக்க வேண்டிய தனி விடயமாக ஒதுங்கியது.

கையடக்க ரூம்

2017 கடைசியில் ஃப்ரீ ஃபயர், 2018 மார்ச்சில் பப்ஜி மொபைல். முதலாவதில் ஒரு தீவில் 50 பேர், இரண்டாவதில் 100 பேர். விலை குறைந்த போனிலும் ஓடுவதால் ஃப்ரீ ஃபயர் நமது லயங்களுக்கும் லேசாகப் போய்ச் சேர்ந்தது. இரண்டிலும் தனி ரூம் திறக்கலாம், அப்போது அதற்கு “ரூம் கார்ட்” வேண்டியிருந்தது. கார்ட் கையில் இருப்பவனுக்குப் பள்ளிக்கூடத்தில் ஒரு மரியாதை. பந்தும் துடுப்பும் யாருடையதோ அவன் இல்லாமல் மெட்ச் நடக்காத காலம் நமக்கும் இருந்ததே!

2018 மார்ச் என்றதும் நமக்கு வேறு ஞாபகமும் வரும். திகனைக் கலவரம், அவசரகாலச் சட்டம், பேஸ்புக்கும் வட்ஸ்அப்பும் முடக்கப்பட்ட நாட்கள். அடுத்த வருடம் ஏப்ரல் 21. அதன் பிறகு டவுனில் ஒருவரையொருவர் பார்த்த பார்வையை யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். பெரியவர்கள் நாம் அடுத்த கடைக்குப் போகவே யோசித்த நாட்களில், பிள்ளைகளின் ரூம்களில் டவுன் முஸ்லிம் பிள்ளையும், தோட்டத்துத் தமிழ்ப் பிள்ளையும், கீழ்ப் பக்கத்துச் சிங்களப் பிள்ளையும் ஒரே அணியில் இருந்தார்கள். இது பின்னர் அவர்களே சொல்லித்தான் எங்களுக்குத் தெரியும். அவர்கள் அதைப் பெரிய நல்லிணக்கம் என்று நினைக்கவில்லை. நன்றாகச் சுடுகிறவன் வேண்டும், அவ்வளவுதான்.

2020 மார்ச் 13இலிருந்து பாடசாலைகள் மூடப்பட்டன. 20ஆம் திகதி ஊரடங்கு. உலகமே ரூம் போடத் தொடங்கியது அந்த வருடம்தான். 2018இல் மூன்று பேர் கொண்ட சிறு நிறுவனம் வெளியிட்டு, யாரும் கண்டுகொள்ளாமல் கிடந்த “அமங் அஸ்” திடீரென்று எல்லோர் கையிலும் இருந்தது. சில எழுத்துகள் கொண்ட குறியீட்டை அனுப்பினால் கூட்டாளி வந்துவிடுவான். 2016இல் இந்தியாவில் உருவான “லூடோ கிங்”கில் உம்மாமாரும் ரூம் போட்டார்கள். ரமழானில் தராவீஹ் முதல் எல்லாமே வீட்டுக்குள் என்றான நாட்கள் அவை.

எங்கள் பிழை

இப்போது அந்தப் பிழை.

2020 ஓகஸ்ட்டில் மாணவர்கள் திரும்பி வந்தபோது ஒரு தோட்டத்துப் பையன் வகுப்பில் தூங்கித் தூங்கி விழுந்தான். கெட்டிக்காரன். விசாரித்ததில் பப்ஜி என்று தெரிந்தது. அப்பாவைக் கூப்பிட்டு, போனை வாங்கி வையுங்கள் என்று கண்டிப்பாகச் சொன்னோம். அவர் எங்கள் சொல்லைத் தட்டவில்லை. செப்டெம்பர் முழுவதும் போன் அலுமாரிக்குள்.

பையன் எங்களிடம் வந்து நின்றான். “சேர், இந்தியாவுல தடை பண்ணிட்டாங்க. அவங்களுக்கு எப்ப நிக்கும்னு தெரியாது. அதுவரைக்குமாவது குடுக்கச் சொல்லுங்க சேர்” என்றான். யாருக்கு நிற்கும், யாருக்குக் கொடுக்க வேண்டும் என்று நாங்கள் கேட்கவே இல்லை. போய்ப் படி என்று அனுப்பிவிட்டோம்.

பிறகுதான் தெரியவந்தது. அவனுடைய தாத்தாவின் அண்ணன் எழுபதுகளில் இந்தியாவுக்கு அனுப்பப்பட்டவர். ஹட்டனில் ரயில் ஏறி, தலைமன்னாரில் கப்பல் ஏறி, ராமேஸ்வரத்தில் இறங்கி, நீலகிரிப் பக்கம் கோத்தகிரியில் மறுபடியும் தேயிலைக்கே போனவர். இரண்டு குடும்பத்துக்கும் தொடர்பு விட்டுப்போயிருந்தது. ஊரடங்கு நாட்களில் பேஸ்புக்கில் எப்படியோ தேடிப்பிடித்திருக்கிறார்கள். பெரியவர்கள் ஒரு முறை பேசி, அழுது, பிறகு என்ன பேசுவது என்று தெரியாமல் வைத்துவிட்டார்கள். பையன்கள் ரூம் போட்டார்கள். ஒவ்வொரு இரவும் கோத்தகிரியில் இரண்டு பேர், இங்கே மலையில் இவன், டவுனிலிருந்து இவனுடைய முஸ்லிம் கூட்டாளி ஒருவன். விளையாட்டுக்கு நடுவில் தாத்தா எப்படி, அங்கே கிலோ எத்தனை எடுக்க வேண்டும், சம்பளம் என்ன என்ற கதையெல்லாம் அந்த மைக்கில் போயிருக்கிறது.

இந்திய அரசு 2020 செப்டெம்பர் 2ஆம் திகதி 118 செயலிகளைத் தடை செய்தது. பப்ஜி மொபைலும் அதில் ஒன்று. ஏற்கெனவே போனில் வைத்திருந்தவர்கள் இன்னும் கொஞ்ச நாள் ஆட முடிந்தது. அந்தக் கொஞ்ச நாளில் ஒரு மாதத்தைத்தான் நாங்கள் அலுமாரிக்குள் பூட்டிவைத்தோம். ஒக்டோபரில் இரண்டாம் அலை வந்து பாடங்கள் வட்ஸ்அப்புக்கு மாறியபோது போன் அவன் கைக்குத் திரும்பியது. மூன்று கிழமை விளையாடியிருப்பான். இந்தியாவில் அந்த விளையாட்டு முற்றாக நின்றது 2020 ஒக்டோபர் 30.

இந்தத் திகதியைப் பார்த்ததும் நாங்கள் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தோம். சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் கைச்சாத்தானது 1964 ஒக்டோபர் 30. 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 150,000 பேரைப் பிறகு பார்ப்போம் என்று எழுதிய ஒப்பந்தம். ஒவ்வொரு வருடமும் கரும்பலகையில் இந்தத் திகதியை எழுதுகிறோம். அதே திகதியில், 56 வருடங்களுக்குப் பிறகு, அந்த ஒப்பந்தம் பிரித்த ஒரு குடும்பத்தின் பேரப்பிள்ளைகள் சந்தித்த இடமும் மூடப்பட்டது. இரண்டு திகதியும் தற்செயலாக ஒத்துவந்தவை. அதற்கு மேல் அர்த்தம் தேட வேண்டாம். ஆனால் அந்தப் பையன் எங்கள் வகுப்பில் இருந்தான், பாடம் அவனுடைய வீட்டுக் கதை, அதை நாங்கள் அவனிடம் கேட்கவில்லை. பிழை அதுதான்.

ரூமின் ஆயுள்

ரூமுக்கு ஆயுள் குறைவு. சாவி பிள்ளை கையில் இருக்கிற மாதிரித் தெரியும். வீடு கம்பனியுடையது, சில நேரம் அரசாங்கத்துடையது. 2014 மே 31இல் கேம்ஸ்பை என்ற சேவை நின்றபோது எத்தனையோ பழைய விளையாட்டுகளில் கூட்டாளியைத் தேடும் வழியே இல்லாமல் போனது. 2022 பெப்ரவரியில் ஃப்ரீ ஃபயருக்கும் இந்தியாவில் தடை விழுந்தது. அடுத்த மாதக் கடைசியில் நமது நாட்டில் மின்வெட்டு 13 மணித்தியாலம் வரை போனது. லக்ஷபானவையும் நோர்ட்டன் பிரிட்ஜையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு நாமும் இருட்டில்தான் இருந்தோம். பிள்ளைகள் மின்வெட்டு அட்டவணையைப் பார்த்து ரூமுக்கு நேரம் குறித்தார்கள். பரீட்சை நேர அட்டவணையை அப்படி ஒருநாளும் பார்த்ததில்லை!

விளையாடுவது நல்லது என்று சொல்ல இதை எழுதவில்லை. தூக்கம் கெடுகிறது, கண் கெடுகிறது, ரீலோட் காசு கரைகிறது. கடவுச்சொல் கைமாறினால் யாரென்றே தெரியாத ஆள் உள்ளே வந்து பிள்ளையோடு பேசலாம். காசு கட்டி நுழைந்து, வென்றவன் அள்ளிக்கொண்டு போகும் ரூம்களும் இருக்கின்றன. அது சூது. பெயர் மாறினால் ஹலாலாகிவிடாது. அதற்கு எந்த வீட்டிலும் இடம் கொடுக்க வேண்டாம்.

நாங்கள் கேட்பது ஒன்றைத்தான். போனைப் பறிப்பதற்கு முன்னால் பக்கத்தில் இருந்து ஒரு கேள்வி கேளுங்கள்: “உள்ளே யார் யார் இருக்கிறார்கள்?” வகுப்புக் கூட்டாளியா, கொழும்பில் கடையில் நிற்கும் பழைய மாணவனா, கட்டாரில் இருக்கும் நானாவா, பெயரே தெரியாத ஒருவனா? விடையைக் கேட்ட பிறகு கண்டியுங்கள், நேரம் குறியுங்கள், தேவையென்றால் பறியுங்கள். நாங்கள் அந்தக் கேள்வியைக் கேட்காமல் பறித்தவர்கள்.

அந்த வாப்பாவை நேற்று மறுபடி கண்டோம். “கேட்டேன் சேர். நாலு பேராம். ஒருத்தன் எங்கட மச்சான்ட மகன். ரெண்டு வருசமா அவங்க வீட்டோட எங்களுக்குப் பேச்சுவார்த்தை இல்ல” என்றார். சிரித்தாரா, யோசித்தாரா என்று தெரியவில்லை. இரவு பதினொரு மணிக்கு மேல் வேண்டாம் என்று மட்டும் மகனிடம் சொல்லியிருக்கிறாராம்.

கொமியூனிகேஷன் கடையில் கவுண்டர் ஸ்ட்ரைக் ஆடியவர்கள், இந்தியாவுக்குப் போன உறவுகளை இப்படி எங்காவது மறுபடி கண்டுபிடித்தவர்கள் இருந்தால் உங்கள் கதையையும் எழுதுங்கள். அதுவும் நமது ஊர் வரலாறுதான்.