முன்வரிசையில் அமர்ந்திருந்தவர்

பாடகரை நாம் அறிவோம். அவரை மேடைவரை அழைத்து வந்தவரை அறிவதில்லை. நம் இசை வரலாற்றில் இதற்கு ஒரு விதிவிலக்கு உண்டு. அவர் 'கல்கி' சதாசிவம்.

ஏற்காட்டு மலைச்சரிவில் நின்று நோக்கினால் கீழே விரிந்து தெரிவது சேலம். அந்நகராட்சிக்கு 1917 முதல் 1919 வரை தலைவராக இருந்தவர் இராஜாஜி. பின்னர் 1925இல் திருச்செங்கோட்டை அடுத்த புதுப்பாளையத்தில் அவர் காந்தி ஆசிரமத்தை நிறுவினார். அங்கிருந்து வெளிவந்த 'விமோசனம்' இதழில் உழைத்தவர் கல்கி. திருச்சி மாவட்டத்துக்காரரான சதாசிவம், கல்கியின் ஆருயிர் நண்பர். இராஜாஜியைத் தம் தலைவராக வரித்துக்கொண்டவர். விடுதலைப் போரில் சிறை சென்றவர். சேர்வராயன் மலையடிவாரத்தில் வேர்கொண்ட அந்தப் பொதுவாழ்வு மரபின் முத்திரை எம்.எஸ். சுப்புலட்சுமியின் இசைவாழ்வில் ஆழப் பதிந்ததற்குக் காரணம் சதாசிவமே.

1936இல் மதுரையை விட்டுச் சென்னைக்கு வந்த இளம்பெண்ணுக்குக் குரல் இருந்தது, காப்பு இல்லை. இசைவேளாளர் குலத்துப் பெண் தனித்து ஊர் ஊராகச் சென்று பாடுவது எளிதன்று. ஆனந்த விகடனில் விளம்பரப் பிரிவைக் கவனித்து வந்த சதாசிவம் துணை நின்றார். 1940 ஜூலை 10 அன்று திருநீர்மலையில் இருவருக்கும் திருமணம் நிகழ்ந்தது. அடுத்த ஆண்டு 'சாவித்திரி' படத்தில் எம்.எஸ். நாரதராக ஆண் வேடமிட்டு நடித்துப் பெற்ற பொருளே 'கல்கி' இதழுக்கு முதலாயிற்று.

அதன்பின் கச்சேரியின் ஒவ்வொரு கூறும் சதாசிவத்தின் பொறுப்பாயிற்று. எங்குப் பாடுவது, எதற்காகப் பாடுவது, எந்தப் பாடலை எந்த வரிசையில் பாடுவது என்பவற்றை அவரே முடிவு செய்தார். முன்வரிசையில் அமர்ந்து அவையின் முகத்தைப் படித்தார். செல்லும் ஊரின் மொழியிலும் பாடல் இருக்க வேண்டும் என்பது அவர் கணக்கு. திரையுலகில் பெரும்புகழ் தந்த 'மீரா'வுக்குப் (1945, இந்தியில் 1947) பின் எம்.எஸ். வேறு படத்தில் நடிக்கவில்லை. 1944இல் கஸ்தூர்பா நினைவு நிதிக்காகப் பாடியது தொடங்கி, அறப்பணிகளுக்கான கச்சேரிகள் வாழ்நாள் வழக்கமாயின. 1963இல் எடின்பரோ விழா, 1966 அக்டோபரில் ஐக்கிய நாடுகள் அவை, 1977இல் நியூயார்க்கின் கார்னகி அரங்கு என்று பயணம் நீண்டது. ஐ.நா. நிகழ்ச்சிக்கென்றே காஞ்சிப் பெரியவர் வடமொழியிலும் இராஜாஜி ஆங்கிலத்திலும் பாடல் இயற்றித் தந்தனர். இத்தகைய தொடர்புகளை இசைக்காகத் திரட்டுவது பயணச்சீட்டு எடுப்பவரால் ஆகக்கூடிய வேலையா?

ஆனால் வழங்குவதில் காட்டிய வேகம் சேர்ப்பதில் இல்லை. 1970களில் பொருள் நெருக்கடி சூழ, கல்கி தோட்டத்தை விட்டு வாடகை வீட்டுக்குக் குடிபெயர நேர்ந்தது. வள்ளலாக வாழ்ந்த மேலாளரின் கணக்குப் புத்தகம் அப்படித்தான் இருந்திருக்கும்.

இங்கே ஒரு வினா எழுவதை நாம் தவிர்க்க இயலாது. எல்லாவற்றையும் அவரே முடிவு செய்தார் எனில், அந்த அம்மையாரின் விருப்பம் எங்கே? 2004இல் டி.ஜே.எஸ். ஜார்ஜ் எழுதிய வாழ்க்கை வரலாறு இவ்வினாவை மறைக்காமல் முன்வைத்தது. பட்டும் பூவும் குங்குமமுமாக நாம் வணங்கிய இல்லத்தரசியின் தோற்றம் ஒருவகையில் கவனமாக அமைக்கப்பட்டதே. மதுரைக் கோயில் தெருக்களின் நினைவை அது மெல்ல மூடியது. காத்தவரே வரம்பும் கட்டினார் என்பதே நம் கருத்து. அதற்காக அவர் உழைப்பைச் சிறிதாக்குவதும், அவருடைய பொருட்டு அம்மையாரை வெறும் கருவியாக்குவதும் பிழையாகும். ஒரு பாடலின் உச்சத்தில் எந்த மேலாளரும் உடன் ஏற முடியாது. அங்கே அவர் தனியாகவே நின்றார்.

1997 நவம்பரில் சதாசிவம் மறைந்தார். அதன்பின் எம்.எஸ். பொதுமேடையில் பாடவில்லை. மறு ஆண்டு பாரத ரத்னா வந்தது. 2004 டிசம்பர் 11 அன்று அவரும் மறைந்தார். அந்த மௌனத்தை அன்பு என்பதா, பழகிப்போன சார்பு என்பதா? இரண்டும் கலந்ததாகவே நமக்குத் தோன்றுகிறது. எனினும் ஒன்றைக் குறித்துக்கொள்வோம். மணமான பின்னும் அவர் பெயரின் முன்னெழுத்துகள் மாறவில்லை. அவற்றில் மதுரையும் தாய் சண்முகவடிவும் கடைசிவரை இருந்தனர்.