ஆரோக்கியப்பச்சையும் காணி மக்களும்

திருவனந்தபுரத்திலிருந்து நெடுமங்காடு வழியாகப் பொன்முடிக்கு ஏறுவோர் விதுரா என்னும் ஊரைக் கடந்துதான் செல்ல வேண்டும். அவ்வூரைச் சூழ்ந்த அகத்தியமலைக் காடுகளில், விதுரா, பெரிங்கம்மலை, குற்றிச்சல் ஆகிய பஞ்சாயத்துகளில், சிதறிய குடியிருப்புகளில் வாழ்வோர் காணிக்காரர். திருநெல்வேலி, கன்னியாகுமரி மலைகளிலும் இவர்களுடைய இனத்தார் உளர்.

1987 டிசம்பரில் தாவரவியல் அறிஞர் புஷ்பாங்கதன் தலைமையில் ஓர் ஆய்வுக் குழு இம்மலையில் ஏறியது. ஏற்றம் கடுமையானது. அறிஞர்கள் சோர்ந்து அமர்ந்தனர். வழிகாட்டிகளாக வந்த காணி இளைஞரோ ஏதோ சிறு காய்களை மென்றவண்ணம் களைப்பின்றி நடந்தனர். அஃது என்னவென்று வினவியபோது அவர்கள் எளிதில் வாய் திறக்கவில்லை. அது குலத்தாரின் மறைபொருள். தவறாகப் பயன்படுத்தோம் என்ற உறுதிமொழி பெற்ற பின்னரே செடியைக் காட்டினர். அதுவே ஆரோக்கியப்பச்சை.

விதுராவுக்கு அண்மையில், செங்கோட்டைச் சாலையிலுள்ள பாலோட்டில், 1979இல் நிறுவப்பெற்ற தாவரப் பூங்கா ஆய்வு நிலையம் இருக்கிறது. புஷ்பாங்கதன் பின்னர் அதன் இயக்குநரானார். ஆரோக்கியப்பச்சையுடன் வேறு மூன்று மூலிகைகளைக் கூட்டி, 'ஜீவனி' என்னும் மருந்தை அந்நிலையத்தார் உருவாக்கினர். ஆராய்ச்சிக் கூடம் மருந்துக் கடை ஆகாது. ஆகவே 1995இல், செய்து விற்கும் உரிமையை ஏழாண்டுக் காலத்திற்குக் கோயம்புத்தூர் ஆரிய வைத்திய பார்மசிக்கு அளித்தனர். உரிமத் தொகை 10 லட்சம் ரூபாய். விற்பனையில் நூற்றுக்கு 2 பங்கு உரிமைத் தொகை. இவ்விரண்டிலும் சரிபாதியைக் காணி மக்களுக்கே தருவதென நிலையத்தார் முடிவு செய்தனர். அந்நாளில் எந்தச் சட்டமும் அவர்களை அவ்வாறு கட்டாயப்படுத்தவில்லை என்பதை நாம் மறத்தல் கூடாது. உலகெங்கும் இது முன்மாதிரியாகப் பேசப்பட்டது. 2002இல் ஜோகன்னஸ்பர்க்கில் ஐக்கிய நாடுகளின் சார்பான பரிசும் புஷ்பாங்கதனுக்குக் கிடைத்தது.

ஆயினும் விதுராவில் வேறொரு குரல் எழுந்தது. அதே 1995இல் காணி மூப்பர் ஒன்பதின்மர், தங்கள் குலத்தின் அறிவைத் தனியார் நிறுவனங்களுக்கு விற்றலாகாது என்று கேரள முதலமைச்சருக்குக் கடிதம் எழுதினர். வழிகாட்டிகள் குற்றிச்சல் பகுதியைச் சேர்ந்தவர்கள். மூலிகை அறிவைக் காத்துப் பயன்படுத்துவது பிலாத்தி எனப்படும் மருத்துவப் பூசாரிகளின் பொறுப்பென்பது பழைய வழக்கு. வழியில் இரண்டொரு இளைஞர் சொன்ன சொல் குலம் முழுவதன் இசைவு ஆகுமா? மூப்பருடைய வினாவை வெறும் பொறாமை என்று தள்ளுவது நமக்கு நேர்மையாகத் தோன்றவில்லை. 'எவ்வளவு தருவீர்கள்' என்பதன்று, 'யாரைக் கேட்டீர்கள்' என்பதே அவர்கள் வினவியது.

பணம் வந்து சேர்ந்த கதையும் நெடியது. பெற்றுக்கொள்ள ஓர் அமைப்பு வேண்டுமென்று 1997 நவம்பரில் கேரள காணி சமுதாய நல அறக்கட்டளை பதிவு செய்யப்பட்டது. ஐந்து லட்சத்திற்குச் சற்று மிகுந்த முதல் தொகை அதன் கணக்கில் சேர்ந்தபோது ஆண்டு 1999. மலையேறிய நாளிலிருந்து பன்னிரண்டாவது ஆண்டு!

இதற்கிடையே வேறொரு முட்டுக்கட்டையும் எழுந்தது. செடியைக் காணிக் குடும்பங்களே பயிரிட்டு இலையை விற்றால் நிலையான வருவாய் கிடைக்கும் என்று நிலையத்தார் எண்ணினர். சில குடும்பங்கள் பயிரிடவும் செய்தன. ஆனால் இலை முழுக் குணத்துடன் விளைவது காட்டின் நிழலிலேதான். காடோ அரசுக்கு உரியது. இஃது அரிய செடி, வேரோடு பிடுங்கிச் செல்வார்கள் என்று அஞ்சி, இலையை வெளியே கொண்டுபோகாதபடி வனத்துறையினர் தடுத்தனர். அவர்கள் அச்சமும் காரணமற்றதன்று. எனினும் விளைவு யாது? மருந்தாலைக்கு இலை தட்டுப்பட்டது. உரிமைத் தொகை மெலிந்தது. செடியை உலகிற்குக் காட்டியவர்களே அதனைப் பறித்து விற்க இயலாதவர்களாயினர்.

கடல்கடந்த வாணிகர் இத்தகைய தயக்கங்களில் நேரம் போக்கவில்லை. 'ஜீவனி' என்னும் பெயரை அமெரிக்க நிறுவனம் ஒன்று அங்கே தன் வணிகக் குறியாகப் பதிவு செய்துகொண்டது. பாலோட்டு நிலையத்தார் செய்முறைக் காப்புரிமை பெற்றிருந்தது இந்தியாவில் மட்டுமே.

2002இல் இந்தியா உயிரியற் பன்மைச் சட்டத்தை இயற்றியது. இத்தகைய அறிவிலிருந்து வரும் ஆதாயத்தை அதனைக் காத்தவர்களோடு பகிர்ந்துகொள்ளுதல் அதன்பின் சட்டக் கடமையாயிற்று. விதுரா மூப்பர் கடிதம் எழுதி அப்போது ஏழாண்டுகள் ஆகியிருந்தன.