பாவெலும் தோழனும்

கார்க்கியின் 'தாய்' நாவலை ரகுநாதனின் தமிழில் படித்தவர்களுக்கு பாவெலைத் தெரியும். 1926இல் சோவியத் இயக்குநர் புதோவ்கின் அதைப் படமாக்கியபோது பாவெலாக நடித்தவர் நிக்கொலாய் பத்தாலொவ். அவருக்குப் பக்கத்தில் வைத்துப் பார்க்க இலங்கையின் மலையகத்தில் ஒருவர் உண்டென்றால், அவர் தொழிற்சங்கத் தலைவர் வி. பி. கணேசன்.

பத்தாலொவ் 1899இல் மொஸ்கோவில் பிறந்தார். ஸ்தனிஸ்லாவ்ஸ்கியின் மொஸ்கோ கலை அரங்கில் பயின்றவர். 1924இல் 'அயெலித்தா'வில் செவ்வாய்க் கிரகத்துக்குப் போய்ப் புரட்சி செய்யும் செம்படை வீரனாகத் திரைக்கு வந்தார். கணேசனுக்கு நாடகப் பள்ளி எதுவும் இல்லை. தொழிற்சங்க மேடையிலிருந்துதான் சினிமாவுக்கு வந்தார். தொழிலாளியாக நடிக்கக் கற்றவர் ஒருவர், தொழிலாளருக்காகப் பேசிப் பழகியவர் மற்றவர்.

'தாய்' படத்தில் ஓர் இடம். மறுநாள் விடுதலை என்ற சீட்டு சிறையிலிருக்கும் பாவெலின் கைக்கு வருகிறது. அந்த மகிழ்ச்சியைக் காட்ட முழு முகம் போதாதென்று புதோவ்கின் நினைத்தார். துடிக்கும் கைகள், சிரிப்பு அரும்பும் வாயோரம், பிறகு வெயிலில் ஓடும் ஓடை, சிரிக்கும் குழந்தை என்று துண்டு துண்டாக ஒட்டினார். நடிகனின் பாதி வேலையைக் கத்தரிக்கோல் செய்த காலம் அது. ஆனாலும் அந்த வாயோரத்துச் சிரிப்பு பத்தாலொவுடையதுதான். அது பொய்யாக இருந்திருந்தால் ஓடையும் பொய்யாகியிருக்கும்.

கணேசனுக்கு அப்படியொரு புதோவ்கின் வாய்க்கவில்லை. 1975இல் தோட்டத் தொழிலாளர் வாழ்வைச் சொன்ன 'புதிய காற்று' படத்தை அவரே தயாரித்து நடித்தார். 1948இல் குடியுரிமை பறிக்கப்பட்டு, சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தத்தால் பலர் இந்தியாவுக்குக் கப்பலேறிக்கொண்டிருந்த சமூகத்தின் கதை அது. இந்தியத் தமிழ்ப் படங்களில் ஊறிய ரசிகர்களைத் தியேட்டருக்கு அழைக்க வேண்டியிருந்தது. புதோவ்கினின் நுட்பத்தை அதில் தேடுவது அநியாயம். லயத்துக்காரரின் வாழ்வு முழுநீளத் தமிழ்ப் படத்துக்குப் பொருளானதே பெரிய காரியம்.

'தாய்' படத்தின் முடிவில் செங்கொடிக்கு அருகே பாவெல் சுடப்பட்டுச் சாகிறான். 1977 மே மாதம், தோட்டக் காணி பறிபோவதை எதிர்த்து எங்கள் தலவாக்கலைப் பக்கத்து டெவன் தோட்டத்தில் நின்ற சிவனு லெட்சுமணன் பொலிஸ் சூட்டில் இறந்தார். அடுத்த ஆண்டு வந்தது கணேசனின் 'நான் உங்கள் தோழன்'. அந்தச் சாவு நடந்த மண்ணில் இப்படியொரு பெயர் என்ன கனத்தோடு ஒலித்திருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன். 1981இல் 'நாடு போற்ற வாழ்க'. அவரது திரைப் பயணத்தில் முக்கியமானவை இந்த மூன்றும்தான்.

பத்தாலொவுக்கு ஆயுள் குறைவு. 1931இல் 'வாழ்வுக்கு ஒரு பாதை' என்ற பேசும் படத்தில் அநாதைச் சிறுவர்களை ஆளாக்கும் தலைவராக நடித்துப் புகழின் உச்சிக்குப் போனவர், காசநோயால் 1937இல் மறைந்தார். வயது முப்பத்தேழு.

நடிப்பில் பத்தாலொவ் மேல். துணிவில் கணேசன் மேல். இது என் தீர்ப்பு. பத்தாலொவின் படங்களை ஓர் அரசு காத்து வைத்தது. இங்கே 1983 கலவரத்தில் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோவே எரிந்தது. 'புதிய காற்று' காலத்துச் சுவரொட்டி, பாட்டுப் புத்தகம், புகைப்படம் எதுவானாலும் உங்கள் வீட்டுப் பெட்டியில் இருந்தால், நூலகம் நிறுவனம் போன்ற ஆவணக்காரர்களிடம் ஒரு பிரதி எடுக்கக் கொடுங்கள்.