ஸ்லெம்ப்
நெதர்லாந்தில் குளிர்காலத்தில் சுடச்சுடப் பருகும் பழைய மசாலாப் பால். பட்டை, கிராம்பு, ஜாதிபத்திரி, குங்குமப்பூ, சிறிது தேயிலை ஆகியவற்றை மெல்லிய துணியில் முடிந்து பாலில் போட்டுச் சிறுதீயில் வைப்பார்கள். அவசரம் கூடாது, பால் பொங்கிவிடாமல், மெல்ல மஞ்சளேறி, மணம் முழுதும் இறங்க ஏறக்குறைய ஒரு மணி நேரம் பிடிக்கும். பிறகு முடிச்சைப் பிழிந்தெடுத்துச் சர்க்கரை சேர்ப்பார்கள். சோளமாவு கரைத்து ஊற்றிக் கெட்டியாக்குவோரும் உண்டு. உறைந்த கால்வாய்களில் ஸ்கேட்டிங் போய் விறைத்துத் திரும்புவோருக்கு அருமையான பானம். 17-ஆம் நூற்றாண்டில் இதன் சரக்குகளை டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் கப்பல்கள் கொண்டுவந்தன: பட்டை இலங்கையிலிருந்து, கிராம்பு அம்போனிலிருந்து, ஜாதிபத்திரி பண்டாத் தீவுகளிலிருந்து. பண்டாவை அக்கம்பெனி 1621-இல் தீவு மக்களைக் கொன்றும் அடிமைப்படுத்தியும் கைப்பற்றியது.